நாபோத்தின் தோட்டமும் நம்முடைய ஊற்றும்

இவ்வாரத் தியானப் பகுதி: 1 இராஜாக்கள் 21-ஆம் அதிகாரம்



சென்ற ஞாயிறு ஆராதனையில், நியாயத்திற்காகப் பாடுபடுகிறவர்களுக்காக மன்றாடியபோது, சேலத்தைச் சேர்ந்த பியூஷ் மனுஷின் பெயரையும் சொல்லி ஜெபித்தேன். ஆராதனை முடிந்து அங்கியைக் கழற்றுவதற்கு முன்பே மூன்று பேர் என்னிடம் வந்துவிட்டனர். "ஐயா, அவர் விசுவாசியா?" என்று ஒருவர் கேட்டார். "போராட்டக்காரர் பெயரைப் பிரசங்க பீடத்தில் சொல்லலாமா?" என்றார் இன்னொருவர். மூன்றாமவர் சபையில் மூத்தவர். கேள்வி எதுவும் கேட்கவில்லை. "நமக்கெதற்கு ஐயா இந்த வம்பு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். இம்மூவருக்கும் பதிலாகவே இவ்வாரத் தியானத்தை எழுதுகிறேன். பதில் மென்மையாக இருக்காது. அதை முன்னதாகவே சொல்லிவிடுகிறேன்.

நாபோத்தின் கதை ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். யெஸ்ரயேலில் அவனுக்கு ஒரு திராட்சத்தோட்டம் இருந்தது, அது அரண்மனைக்குப் பக்கத்தில் இருந்தது, ராஜா அதைக் கேட்டான், அவன் கொடுக்கவில்லை, கொல்லப்பட்டான். ஆகாபும் யேசபேலும் குற்றவாளிகள் என்று சொல்லி நாம் வேதப்புத்தகத்தை மூடிவிடுகிறோம். ஆனால் அந்த அதிகாரத்தின் நடுவிலுள்ள ஆறு வசனங்களை இன்னொரு முறை நிறுத்தி வாசியுங்கள். யேசபேல் தன் கையால் ஒரு கல்லையும் எடுக்கவில்லை. ஊரின் மூப்பருக்கும் பெரியோருக்கும் கடிதம் எழுதினாள், அவ்வளவுதான். அவர்கள் என்ன செய்தார்கள்? உபவாசம் கூறினார்கள். ஜனங்களைக் கூட்டினார்கள். நாபோத்துக்குச் சபையிலே முதன்மையான இடம் கொடுத்து உட்கார வைத்தார்கள். அதன்பின் பொய்ச்சாட்சி, அதன்பின் கல்லெறி. ஒரு ஏழையின் நிலம் பறிபோன அந்த நாளில் அவ்வூரில் ஜெபக்கூட்டம் நடந்தது, பிரியமானவர்களே! ஒருவர்கூட வாய் திறக்கவில்லை. அவர்களும், "நமக்கெதற்கு இந்த வம்பு" என்றுதான் ஒருவருக்கொருவர் சொல்லியிருப்பார்கள் என்று நினைக்கிறேன்.

இன்னொன்றையும் கவனியுங்கள். ஆகாப் முதலில் மிரட்டவில்லை. நல்ல விலை பேசினான். இதைவிட நல்ல தோட்டம் தருகிறேன், வேண்டுமானால் பணமாகவே தருகிறேன் என்றான். இக்காலத்து நிலமெடுப்பு அதிகாரி இவ்வளவு தாராளமாகப் பேசுவாரா என்பது சந்தேகம்தான். நாபோத் மறுத்ததற்குக் காரணம் விலை போதாமை அன்று. அது தன் பிதாக்களின் சுதந்தரம். விற்பதற்கு அதிகாரம் தனக்கு இல்லை என்று அவன் அறிந்திருந்தான். தேசம் கர்த்தருடையது, நாம் அதில் பரதேசிகளும் குடியிருப்பவர்களுமே என்ற லேவியராகமம் 25-ஆம் அதிகாரத்தின் பிரமாணத்தை அவன் உயிரைக் கொடுத்துக் காத்தான்.

இனி நம்முடைய மலைக்கு வருவோம்.

கொல்லிமலையின் உச்சிப் பகுதிகளில் பாக்சைட் கிடைக்கிறது. அலுமினியம் அதிலிருந்துதான் வருகிறது. ஒரு டன் அலுமினியம் செய்ய ஏறத்தாழ நான்கைந்து டன் பாக்சைட்டை வெட்டியெடுக்க வேண்டும். அந்தத் தாது மலையின் வயிற்றில் ஆழமாக இருப்பதில்லை. தலைப்பாகைபோல் உச்சியிலே படிந்திருக்கிறது. துளைகள் நிறைந்த அந்த மேல்தட்டு மழைநீரைக் குடித்து வைத்துக்கொண்டு, கோடையிலும் சிறிது சிறிதாக ஊற்றுகளுக்கு விடுகிறது. அதை உரித்தெடுத்தால் மலை தன் தண்ணீர்ப் பானையை இழக்கிறது. இந்தப் பாக்சைட் இங்கிருந்தும் ஏற்காட்டிலிருந்தும் பல ஆண்டுகளாக லாரிகளில் மேட்டூரிலுள்ள மால்கோ ஆலைக்குப் போயிற்று. 1995-இல் அந்த ஆலை ஸ்டெர்லைட் குழுமத்தின் கைக்கு வந்தது. உலோகம் சந்தைக்கும், இலாபம் பங்குதாரருக்கும், தாதிலிருந்து கழித்த காரம் மிகுந்த செம்மண் சேறு மேட்டூருக்கும் போயின. மலைக்கு மிஞ்சியவை குழிகளே. சுரங்கத்தில் நம் ஜனத்தில் சிலருக்குக் கூலி கிடைத்தது என்பதை நான் மறுக்கவில்லை. யூதாசுக்கும் ஏதோ கிடைத்தது.

அப்போது இந்த மலைக்காக வெளியிலிருந்து குரல் கொடுத்தவர்களில் ஒருவர் பியூஷ் மனுஷ். ராஜஸ்தானிலிருந்து வந்து சேலத்தில் நிலைத்த வணிகக் குடும்பத்தில் பிறந்தவர். பிறந்த பெயரோடு இருந்த சேத்தியா என்ற குடிப்பெயரை விட்டுவிட்டு, மனிதன் என்று பொருள்படும் 'மனுஷ்' என்பதைச் சேர்த்துக்கொண்டார். நம் ஆண்டவர் தம்மை மனுஷகுமாரன் என்றே அழைத்துக்கொண்டார் என்பது எனக்கு உடனே நினைவுக்கு வந்தது. அவர் அதை எண்ணிச் செய்திருக்க மாட்டார். அவர் நகரத்து மனிதர். மலையில் அவருக்குக் காணி இல்லை, உறவு இல்லை, ஓட்டு இல்லை. ஆயினும் ஏற்காட்டிலும் கொல்லிமலையிலும் நடந்த பாக்சைட் சுரங்கத்தை எதிர்த்து அவரும் அவருடைய தோழர்களும் பேசினார்கள், ஊர் ஊராய்ப் போனார்கள், வழக்குமன்றத்தையும் நாடினார்கள். சுற்றுச்சூழல் அனுமதி எங்கே என்ற கேள்விக்கு விடை வராமல் 2008-இல் சுரங்கப்பணி நின்றது. அவ்வாண்டின் இறுதியில் மேட்டூரில் அலுமினிய உற்பத்தியும் நின்றுபோயிற்று. ஒரு மனிதனால் மட்டும் நின்றது என்று சொல்வது மிகை. பலருடைய உழைப்பு அதில் இருந்தது, சந்தை நிலவரமும் இருந்தது. ஆனால் அந்தப் பலருடைய பட்டியலில் நம் சபையின் பெயரைத் தேடிப் பார்த்தேன். இல்லை.

இல்லாததற்குக் காரணம் எனக்குத் தெரியும், ஏனென்றால் அந்தக் காரணம் நானே. அந்நாட்களில் நான் இளம் போதகன். சுரங்கத்தை நிறுத்தக் கோரும் மனு ஒன்றை ஒரு வாலிபன் என்னிடம் கொண்டுவந்து கையெழுத்துக் கேட்டான். "தம்பி, சபை அரசியலில் தலையிடாது, நான் ஜெபித்துக்கொள்கிறேன்" என்று சொல்லி அனுப்பிவிட்டேன். ஜெபித்தேனா? ஒரு முறைகூட இல்லை. அந்த வாலிபன் அதன்பின் சபைக்கு வருவது குறைந்தது. இப்பொழுது கீழ்நாட்டில் எங்கோ வேலை பார்க்கிறான். யெஸ்ரயேலின் மூப்பரைப் பற்றிப் பேசும்போது என் சத்தம் உயர்வதற்கு இதுவே காரணம்.

பியூஷ் மனுஷின் மற்ற வேலைகளைப் பற்றியும் சிறிது சொல்ல வேண்டும், ஏனென்றால் "கூச்சல் போடத்தான் தெரியும்" என்று அவரைப் பற்றிச் சொல்லுகிறவர்கள் நம்மிலும் உண்டு. சேலத்தில் கன்னங்குறிச்சிப் பக்கம் மூக்கனேரி என்ற ஏரி இருக்கிறது. ஏறத்தாழ 58 ஏக்கர். சாக்கடையும் குப்பையுமாய்ச் செத்துக்கிடந்த அந்த ஏரியை 2010-இல் சேலம் மக்கள் குழு என்ற பெயரில் அவரும் நகரத்து மக்களும் சேர்ந்து தூர்வாரினார்கள். எடுத்த மண்ணை விற்கவில்லை. ஏரிக்குள்ளேயே திட்டுகளாகக் குவித்து மரக்கன்றுகளை நட்டார்கள். இன்று அந்தத் திட்டுகளில் பறவைகள் கூடு கட்டுகின்றன. சேலத்திற்குப் போகிறவர்கள் ஒரு மாலை வேளையில் போய்ப் பாருங்கள். பேருந்துக் கட்டணம் வீண்போகாது. தர்மபுரி மாவட்டத்தில் வறண்ட நிலத்தை வாங்கி நண்பர்களோடு சேர்ந்து அதைக் காடாக்கினார். கட்டவும் தெரிந்தவர் அவர்.

அதற்குக் கிடைத்த சம்பளத்தையும் கேளுங்கள். 2016 ஜூலை 8-ஆம் தேதி, சேலம் முள்ளுவாடி கேட் ரயில்வே மேம்பாலப் பணியை எதிர்த்ததற்காக இரண்டு தோழர்களோடு கைது செய்யப்பட்டார். சிறைக்குள் பலர் சேர்ந்து தம்மை அடித்தார்கள் என்று அவர் குற்றஞ்சாட்டினார். சிறை அதிகாரிகள் மறுத்தார்கள். ஏறக்குறைய இரண்டு வாரத்திற்குப் பின்பே ஜாமீனில் வெளியே வந்தார். 2018-இல் சென்னை–சேலம் எட்டுவழிச் சாலைத் திட்டம் அறிவிக்கப்பட்டது. 277 கிலோமீட்டர் நீளம், பத்தாயிரம் கோடி ரூபாய். வயல்களுக்கும் கிணறுகளுக்கும் காடுகளுக்கும் ஊடாகக் கோடு போடப்பட்டது. அதை எதிர்த்துப் பேசியதற்காக அவர் மறுபடியும் கைதானார். 2019 ஏப்ரலில் சென்னை உயர் நீதிமன்றம் நிலமெடுப்பை ரத்து செய்தது. 2020 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் அந்தத் திட்டத்துக்கான அறிவிக்கை செல்லும் என்றது. நாபோத்தின் வழக்கு இன்னும் முடியவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

இனி உங்கள் கேள்விகளுக்கு வருகிறேன்.

அவர் விசுவாசியா? நம்முடைய அர்த்தத்தில் இல்லை. எரேமியா தீர்க்கதரிசி துரவில் இறக்கப்பட்டுச் சேற்றில் அமிழ்ந்துகொண்டிருந்தபோது, எருசலேமில் ஆசாரியருக்கும் மூப்பருக்கும் பஞ்சமில்லை. ராஜாவிடம் போய், இது அநியாயம் என்று சொன்னவன் எபெத்மெலேக் என்ற எத்தியோப்பியன். அரண்மனையில் பிரதானி, ஆனால் அந்நியன். கயிறு அக்குளை அறுக்காதபடி பழந்துணிகளையும் கந்தைகளையும் கூடவே இறக்கிக் கொடுத்தான் என்று வேதம் அக்கறையோடு குறித்து வைத்திருக்கிறது (எரேமியா 38). அவனை எரேமியா மேலே இருந்து என்ன கேட்டிருக்க வேண்டும்? "நீ ஞானஸ்நானம் பெற்றவனா?" என்றா? கர்த்தர் தம்மை அறியாத கோரேசின் கையைப் பிடித்து நடத்தினார் என்று ஏசாயா 45-ஆம் அதிகாரம் சொல்லுகிறது. தம் சபை மௌனமாயிருக்கும்போது அவர் வேறு வாய்களைத் தேடிக்கொள்கிறார். அதனால் வெட்கப்பட வேண்டியவர்கள் யார் என்பதை யோசியுங்கள்.

அவருடைய பேச்சு கடுமையாயிருக்கிறது என்கிறீர்கள். இருக்கிறது. எனக்கும் சில வேளைகளில் அது சகிக்கவில்லை. அவர் சொல்லுகிற எல்லாவற்றையும் நான் ஏற்றுக்கொள்ளவும் இல்லை. ஆனால் எலியா திராட்சத்தோட்டத்துக்கே போய் ஆகாபிடம் பேசிய பேச்சை வாசித்துவிட்டு, அது மென்மையா என்று சொல்லுங்கள்.

மூன்றாவதாக, நம்மில் பக்தியுள்ளவர்கள் சொல்லும் காரணம் ஒன்றுண்டு. இந்தப் பூமி அக்கினியால் வெந்துபோகப் போகிறது, நமக்குப் பரலோகத்தில் வீடு இருக்கிறது, மரத்தையும் மலையையும் பற்றி நாம் ஏன் கவலைப்பட வேண்டும் என்பார்கள். அவர்கள் காட்டும் வாக்கியம் 2 பேதுரு 3-ஆம் அதிகாரம். அந்த அதிகாரத்தை முழுவதும் வாசிக்கிறவர்கள் சிலரே. அதே இடத்தில் அப்போஸ்தலன், அக்காலத்து உலகம் ஜலப்பிரளயத்தால் அழிந்தது என்றும் சொல்லுகிறான். அழிந்த பின் என்ன நின்றது? இதே பூமி நின்றது. நோவா அதில் இறங்கித் தோட்டம் போட்டான். தேவனுடைய அக்கினி சுத்திகரிக்கிறது. அது முடிந்தபின் நீதி வாசமாயிருக்கும் புதிய பூமியை நாம் எதிர்பார்க்கிறோம் என்று அந்த வேதபாகமே தொடர்கிறது. மேலும் வெளிப்படுத்தின விசேஷம் 11-இல் பூமியைக் கெடுத்தவர்களைக் கெடுக்கும் காலத்தைப் பற்றி வாசிக்கிறோம். மருத்துவர் நாளைக்கு வருவார் என்பதற்காக இன்றைக்கு நோயாளியை மிதிப்பவனுக்கு என்ன பெயர்?

இது நமக்கு வெளியிலிருந்து வந்த புதிய உபதேசம் என்று நினைக்கிறவர்கள், இந்த மலையில் சுவிசேஷம் எப்படி வந்தது என்பதை மறந்துவிட்டார்கள். 1913-இல் ஜெஸ்ஸி பிராண்ட் ஐயரும் அவருடைய மனைவி எவலின் அம்மையாரும் திருமணமாகி இங்கே ஏறி வந்தார்கள். அப்போது எழுபது கொண்டை ஊசி வளைவும் இல்லை, பேருந்தும் இல்லை. மலை முழுவதும் காய்ச்சல். படிக்கிணறுகளில் இறங்கித் தண்ணீர் மொண்ட ஜனங்களின் கால்களில் நரம்புச் சிலந்தி. ஐயர் புழுவைக் குச்சியில் சுற்றிச் சுற்றி எடுத்தார். அத்தோடு நிற்காமல், ஜனங்கள் தண்ணீருக்குள் இறங்காதபடி கிணறுகளைச் சுற்றிச் சுவர் எழுப்பினார். பள்ளி வைத்தார், தச்சு வேலை கற்பித்தார், பயிர்த்தொழிலும் கற்பித்தார். 1929 ஜூனில் காய்ச்சலிலேயே இங்கே மரித்தார். அம்மையாரோ மிஷன் ஓய்வு கொடுத்த பிறகும் மலையைவிட்டு இறங்காமல், குதிரை மேல் ஏறி மலை மலையாய்ச் சுற்றி, 95-ஆம் வயதில் 1974-இல் கண்மூடினார். கணவருக்கு அருகிலேயே அடக்கம் செய்யப்பட்டார். இந்தியாவில் நரம்புச் சிலந்தி ஒழிந்தது என்று உலகம் சான்று கொடுத்தது 2000-இல்தான். அந்த வேலையைச் சபை இந்த மலையில் கிணற்றங்கரையிலிருந்து தொடங்கியது.

அவர்களுடைய மகன், தொழுநோயாளிகளின் கைகளைச் சீர்படுத்திய மருத்துவர் பால் பிராண்ட், 1914-இல் பிறந்து இந்த மலையில் வளர்ந்தவர். சிறுவயதில் நடந்த ஒரு சம்பவத்தைப் பிற்காலத்தில் அவர் எழுதினார். வாய்க்கால் ஓரத்து நெல்வயல் தட்டுகளில் பிள்ளைகள் தவளை பிடித்து விளையாடியபோது, ஒரு முதியவர் வந்து அவர்களை நிறுத்தினார். ஒரு பிடிச் சேற்றை அள்ளிக் காட்டி, இதுதான் உங்களுக்குச் சோறு போடுவது, இது தண்ணீரோடு கீழே போனால் திரும்பி மலையேறாது என்று அவர்களுக்கு விளங்கச் சொன்னாராம். எழுத்தறியாத மலைவாசி, ஒரு பிடிச் சேற்றைக் கையிலேந்தி அவர் செய்த அந்தப் பிரசங்கத்தை, உலகம் சுற்றிய மருத்துவர் கடைசிவரை மறக்கவில்லை. அந்தத் தாத்தாவின் பேரப்பிள்ளைகள் நாம். இன்றைக்கு ஒரு பெருமழை பெய்தால் நம் ஓடைகளில் என்ன நிறத்தில் தண்ணீர் போகிறது?

அந்த நிறத்துக்குச் சுரங்கம் மட்டும் காரணம் என்று சொல்லித் தப்பிக்க நான் விடமாட்டேன். சாமையும் தினையும் கேழ்வரகும் விளைந்த சரிவுகளில் மரவள்ளி நட்டது யார்? மரவள்ளி பிடுங்கும்போது மண்ணெல்லாம் கிளறப்படும் என்று அறிந்தே, சேகோ ஆலைக்காரர் கொடுக்கும் முன்பணத்துக்காக நட்டோம். பிள்ளைகளின் படிப்புச் செலவு, கல்யாணச் செலவு, கடன். எனக்குத் தெரியும், நான் யாரையும் கல்லெறியவில்லை. ஆனால் வீட்டுக்குச் சாமைச் சோறு இல்லாமல் ரேஷன் அரிசிக்கு வரிசையில் நிற்கும் நிலைக்கு நாமே நடந்து வந்தோம்.

இப்பொழுது நம்முடைய ஊற்றைப் பற்றி.

ஆலயத்துக்குப் பின்னால், பலாமரங்களுக்குக் கீழே இருக்கும் சதுப்பையும் ஊற்றையும் எல்லாரும் அறிவீர்கள். கோடையில் கீழ்த்தெருவின் பதினைந்து இருபது வீடுகளுக்கு அதுவே தண்ணீர். அவ்வீட்டார் பெரும்பாலும் நம் சபையாரல்லர். அந்த இடத்தை மண் கொட்டி நிரவி, காங்கிரீட் தளம் போட்டு, கன்வென்ஷன் கூட்டங்களுக்கு வரும் வாகனங்கள் நிறுத்த இடமாக்க வேண்டும் என்று ஒரு தீர்மானம் சபைக் கமிட்டியின் முன் இருக்கிறது. நன்கொடை தரவும் ஒரு குடும்பம் முன்வந்திருக்கிறது. நல்ல மனதோடுதான் முன்வந்திருக்கிறார்கள். "கார்ப்பரேஷன் குழாய் வரப்போகிறதே" என்கிறார்கள் சிலர். வரும்போது வரட்டும். வராத நாளில் கீழ்த்தெருப் பெண்கள் குடத்தோடு எங்கே போவார்கள்? தேவனுடைய வார்த்தையைக் கேட்க வருகிறவர்களின் கார் வெயிலில் நிற்கக்கூடாது என்பதற்காக, பக்கத்து வீட்டாரின் தண்ணீரை மூடுவதா? கூட்டம் கூட்டி, ஜெபித்து, அதன்பின் ஊற்றை நிரவினால், யெஸ்ரயேலின் உபவாசத்துக்கும் நம்முடைய கன்வென்ஷனுக்கும் என்ன வித்தியாசம் என்று எனக்கு யாராவது விளங்கச் சொல்லுங்கள்.

"ஐயா, இது சின்ன விஷயம், சுரங்கத்தோடு ஒப்பிடலாமா?" என்று கேட்பீர்கள். ஆகாப் கேட்டதும் சின்ன இடம்தான்; கீரைத்தோட்டம் போடுவதற்கு. சுரங்கம் நடந்தபோது அது பெரிய விஷயம், நம்மால் என்ன ஆகும் என்றோம். இப்பொழுது ஊற்று சின்ன விஷயம், விடுங்கள் என்கிறோம். நம் அளவுக்குச் சரியான விஷயம் எப்போது வரும்?

மாற்றும் வைத்திருக்கிறேன். பள்ளிக்கூட மைதானம் விடுமுறை நாட்களில் காலியாக இருக்கிறது. தலைமையாசிரியரிடம் பேசினேன், மறுக்கவில்லை. நன்கொடை தரும் குடும்பத்தாரிடம், அந்தப் பணத்தில் ஊற்றைச் சுற்றிக் கல்சுவர் கட்டிப் படி அமைக்கலாமா என்று நேற்றுப் போய்க் கேட்டேன். யோசிக்கிறோம் என்றார்கள்.

கமிட்டி செவ்வாய்க்கிழமை மாலை ஆறு மணிக்கு ஆலயத்தில் கூடுகிறது. சபை விதிப்படி உறுப்பினர் அனைவரும் வந்து பேசலாம். கீழ்த்தெருவிலிருந்து இரண்டு பேரை நான் அழைத்திருக்கிறேன்; அவர்களுக்கு ஓட்டு இல்லை, ஆனால் முதலில் அவர்களே பேசுவார்கள். 2008-இல் போடாத கையெழுத்தை நான் அன்றைக்கு எதிர்ப்புப் பக்கத்தில் போடுவேன். "நமக்கெதற்கு வம்பு" என்று சொன்ன மூத்தவரும் வர வேண்டும் என்று அன்போடு கேட்டுக்கொள்கிறேன். அந்த ஊற்றில் முதன்முதல் கல் அடுக்கியது தம் தகப்பனார் என்று அவரே ஒருமுறை என்னிடம் சொல்லியிருக்கிறார்.

கர்த்தருடைய ஊழியத்தில்,
உங்கள் போதகர்